கட்டம் கட்டிக் காட்டுவது: ஹீட்மேப்பில் முக்கியமானதைப் பளிச்செனத் தெரியச் செய்யும் முறை

எண்கள் நிறைந்த அட்டவணையில் ஒவ்வோர் எண்ணுக்கும் அதன் அளவுக்கேற்ற நிறத்தைப் பூசினால் கிடைக்கும் படம்தான் ஹீட்மேப். சிறிய எண்ணுக்கு ஒரு நிறம், பெரிய எண்ணுக்கு இன்னொரு நிறம், இடைப்பட்டவற்றுக்கு இரண்டுக்கும் நடுவிலான நிறங்கள். மாதவாரி மழையளவு, பங்குச்சந்தை ஏற்ற இறக்கம், மரபணு ஆய்வு, மாணவர்களின் பாடவாரி மதிப்பெண் என எங்கெல்லாம் வரிசையும் நெடுவரிசையுமாக எண்கள் குவிகின்றனவோ அங்கெல்லாம் இந்தப் படம் கைகொடுக்கிறது. எக்செல் 2007 பதிப்பில் வண்ண அளவுகோல் வசதி சேர்ந்த பிறகு, நிரல் எழுதத் தெரியாதவர்களும் இரண்டு சொடுக்கில் இதை உருவாக்கிவிடுகிறார்கள்.

இந்த முறை கணினியோடு பிறந்ததல்ல. பிரான்ஸ் நாட்டுப் புள்ளியியலாளர் தூசான் லூவா 1873-இல் வெளியிட்ட பாரிஸ் மக்கள்தொகைத் தொகுப்பில், நகரின் 20 வட்டாரங்களைப் பற்றித் தனித்தனியே வரைந்த 40 வரைபடங்களின் சாரத்தை ஒரே வண்ணக்கட்ட அட்டவணையில் தந்திருந்தார். ஓர் ஊரின் நிலையை ஒரே பார்வையில் அறியவேண்டும் என்பதே அவர் நோக்கம். இன்றைய ஹீட்மேப்பின் நோக்கமும் அதுவே.

ஒரே பார்வையில் எல்லாம் தெரிவது நல்லதுதான். ஆனால் எல்லாம் தெரியும் இடத்தில் முக்கியமானது தனித்துத் தெரிவதில்லை. நூற்றுக்கும் மேற்பட்ட கட்டங்களில் கவனிக்கவேண்டியவை ஏழெட்டுதான் என்றால், வாசகரின் கண்ணை அங்கே கொண்டுபோய்ச் சேர்க்கும் பொறுப்பு படம் வரைபவருடையது. குறிப்பிட்ட கட்டங்களைச் சுற்றிக் கோடு போட்டோ வேறு அடையாளம் இட்டோ தனித்துக் காட்டும் வேலை இதற்காகத்தான். சில வரி நிரலில் முடியும் இந்த வேலையில், படத்தின் பொருளையே மாற்றிவிடக்கூடிய நுணுக்கங்கள் பல இருக்கின்றன.

நிறம் மட்டும் ஏன் போதாது

அமெரிக்கப் புள்ளியியலாளர்கள் வில்லியம் கிளீவ்லாந்தும் ராபர்ட் மெக்கில்லும் 1984-இல் வெளியிட்ட ஆய்வில், படங்களிலிருந்து மனிதர்கள் அளவுகளை எவ்வளவு துல்லியமாகக் கணிக்கிறார்கள் என்று வரிசைப்படுத்தினார்கள். பொதுவான அளவுகோலில் ஒரு புள்ளி எங்கே நிற்கிறது என்பதைக் கண் மிகச் சரியாகக் கணிக்கிறது. நிறத்தின் அடர்த்தியைக் கொண்டு அளவை ஊகிப்பது பட்டியலின் கடைசியில் வருகிறது. பக்கத்துக் கட்டம் கருமையாக இருந்தால் ஒரு கட்டம் உள்ளதைவிட வெளிறித் தெரியும்; பக்கத்துக் கட்டம் வெளிறியிருந்தால் அதே கட்டம் அடர்ந்து தெரியும். ஆகவே ஹீட்மேப் ஒட்டுமொத்தப் போக்கைச் சொல்லும். இந்தக் கட்டம் அந்தக் கட்டத்தைவிடப் பெரியதா என்ற நுட்பமான கேள்விக்கு அதனிடம் உறுதியான பதில் இல்லை.

இதனால்தான் தனித்துக் காட்டவேண்டிய கட்டத்துக்கு வேறொரு நிறம் பூசுவது தவறான வழியாகிறது. ஹீட்மேப்பில் நிறம் ஏற்கெனவே எண்ணின் அளவைச் சொல்லும் வேலையில் இருக்கிறது. நீலச் சாயைகளாலான படத்தில் ஒரு கட்டத்தை மட்டும் சிவப்பாக்கினால் அது கண்ணில் படும். ஆனால் அதன் மதிப்பு என்ன என்பது மறைந்துவிடும். அடையாளமிட நிறத்துக்கு வேலையில்லாத ஒரு வழி வேண்டும். கட்டத்தைச் சுற்றிய தடித்த கோடு, கட்டத்தின்மேல் சாய்கோடுகள், மூலையில் ஒரு புள்ளி, உள்ளே எழுதிய எண் ஆகியவை அப்படிப்பட்ட வழிகள். ஆன் ட்ரீஸ்மன், கேரி ஜெலேட் ஆகிய உளவியலாளர்கள் 1980-இல் முன்வைத்த கோட்பாடும் இதற்குத் துணைநிற்கிறது. சுற்றியுள்ள எதற்கும் இல்லாத ஒரே ஒரு பண்பு ஒரு பொருளுக்கு இருந்தால், தேடாமலேயே கண் அங்கே போய் நிற்கும். பல பண்புகளின் சேர்க்கையால் மட்டுமே வேறுபடும் பொருளை ஒவ்வொன்றாகத் தேடித்தான் கண்டுபிடிக்கவேண்டும்.

ஓர் எடுத்துக்காட்டு: 144 கட்டங்கள்

இந்த வேலைக்குப் பெரும்பாலோர் பயன்படுத்துவது பைத்தான் மொழியையும் அதன் மேட்பிளாட்லிப், சீபார்ன் என்ற இரண்டு நூலகங்களையும். மேட்பிளாட்லிப்பை உருவாக்கியவர் நரம்பியல் ஆய்வாளர் ஜான் ஹன்டர். வலிப்பு நோயாளிகளின் மூளை மின்னலைகளைத் திரையில் காண்பதற்காக அவர் எழுதத் தொடங்கிய நிரல், 2003-இல் பொதுப் பயன்பாட்டுக்கு வந்தது. அதன்மேல் புள்ளியியல் படங்களுக்கென மைக்கேல் வாஸ்கம் கட்டியெழுப்பியது சீபார்ன்.

சீபார்னோடு பழகுவதற்குத் தரப்படும் தரவுகளில் புகழ்பெற்ற ஒன்று, 1949 முதல் 1960 வரை மாதந்தோறும் பன்னாட்டு விமானங்களில் சென்ற பயணிகளின் எண்ணிக்கை. ஜார்ஜ் பாக்ஸ், க்விலிம் ஜென்கின்ஸ் ஆகியோரின் காலத்தொடர் நூலால் பரவலான இந்தத் தரவில் எண்கள் ஆயிரங்களில் தரப்பட்டிருக்கின்றன. மாதங்களை வரிசைகளாகவும் ஆண்டுகளை நெடுவரிசைகளாகவும் அடுக்கினால் 12-க்கு 12 என்று 144 கட்டங்கள் வரும். மிகச் சிறிய எண் 1949 நவம்பரின் 104. மிகப் பெரியது 1960 ஜூலையின் 622.

இதை ஹீட்மேப்பாக வரைந்தால் இடமிருந்து வலமாக நிறம் மாறிக்கொண்டே போவது முதலில் தெரியும். விமானப் பயணம் ஆண்டுக்கு ஆண்டு பெருகியதன் அடையாளம் அது. ஆனால் அந்தப் பெருக்கமே இன்னொரு செய்தியை அமுக்கிவிடுகிறது. 1949-இன் 12 எண்களும் 104-க்கும் 148-க்கும் இடையில் அடங்குகின்றன. 104-இலிருந்து 622 வரை நீளும் அளவுகோலில் இது பத்தில் ஒரு பங்குகூட இல்லை. எனவே 1949-இன் நெடுவரிசை முழுவதும் ஏறத்தாழ ஒரே நிறமாகத் தெரியும். அந்த ஆண்டிலும் கோடையில் கூட்டம் கூடியது என்பது கண்ணுக்குப் புலப்படாது. ஒவ்வோர் ஆண்டிலும் உச்சம் தொட்ட மாதத்தைக் கட்டம் கட்டிக் காட்டினால், நிறத்தால் சொல்லமுடியாத அந்தச் செய்தி வெளியே வரும்.

பெட்டியை எங்கே வைப்பது

நிரலில் செய்யவேண்டியது எளிது. முதலில் ஹீட்மேப்பை வரையவேண்டும். பிறகு ரெக்டாங்கிள் என்ற செவ்வகத்தை உருவாக்கி, அதன் தொடக்க மூலை, அகலம், உயரம் ஆகியவற்றைக் கொடுத்து, உள்ளே நிறம் நிரப்பவேண்டாம் என்றும் விளிம்புக்கோடு இன்ன தடிமனில் இருக்கட்டும் என்றும் சொல்லி, ஆட் பேட்ச் என்ற கட்டளையால் படத்தின்மேல் ஒட்டவேண்டும். தவறுகள் நேர்வது மூலையின் இடத்தைச் சொல்வதில்தான்.

முதல் சிக்கல் எண்ணும் முறையில் வருகிறது. பைத்தான் பூஜ்ஜியத்திலிருந்து எண்ணுகிறது. 1960 ஜூலை என்பது வரிசை எண் 6, நெடுவரிசை எண் 11. அட்டவணையில் ஓர் இடத்தைச் சொல்லும்போது வரிசை முன்னால் வரும், நெடுவரிசை பின்னால் வரும்: 6, 11. படம் வரையும்போதோ கிடைத்தூரம் முன்னால், செங்குத்துத் தூரம் பின்னால். ஆகவே செவ்வகத்தின் மூலை 11, 6 என்று தலைகீழாகக் கொடுக்கப்படவேண்டும். மாற்ற மறந்தால் பெட்டி 1955 டிசம்பரின்மேல் போய் உட்காரும். அந்த மாதத்தின் எண் 278. வரிசைகளும் நெடுவரிசைகளும் சம எண்ணிக்கையில் இருப்பதால் கணினி எந்தப் பிழைச் செய்தியும் தராது. படம் அழகாக வந்து நிற்கும்; சொல்வது மட்டும் தவறாக இருக்கும். வரிசையும் நெடுவரிசையும் வெவ்வேறு எண்ணிக்கையில் உள்ள சிறிய அட்டவணையில் ஒருமுறை சோதித்துப் பார்த்தால் இத்தகைய பிழை உடனே வெளிப்பட்டுவிடும்.

இரண்டாவது சிக்கல் கட்டத்தின் எல்லை. மேட்பிளாட்லிப்பில் ஹீட்மேப் வரைய இம்ஷோ, பீகலர்மெஷ் என இரு கட்டளைகள் வழக்கத்தில் உள்ளன. இம்ஷோ கட்டத்தின் மையத்தை முழு எண்ணில் வைக்கிறது. முதல் கட்டம் −0.5 முதல் 0.5 வரை பரவியிருக்கும். பீகலர்மெஷ் கட்டத்தின் விளிம்பை முழு எண்ணில் வைக்கிறது. முதல் கட்டம் 0 முதல் 1 வரை. சீபார்னின் ஹீட்மேப் உள்ளுக்குள் பயன்படுத்துவது பீகலர்மெஷ்தான். ஆகவே 1960 ஜூலைக்கான பெட்டி சீபார்னில் 11, 6 என்ற மூலையில் தொடங்கும்; இம்ஷோவில் 10.5, 5.5-இல் தொடங்கவேண்டும். ஒன்றுக்கு எழுதிய நிரலை மற்றொன்றில் அப்படியே போட்டால் பெட்டி பக்கவாட்டிலும் மேல்கீழாகவும் அரைக்கட்டம் நகர்ந்துவிடும். எந்தக் கட்டத்தைக் காட்டுகிறது என்பதே புரியாது.

மூன்றாவது, கோட்டின் தடிமன். கட்டத்தின் விளிம்பில் கோடு போட்டால் அதன் பாதி உள்ளேயும் மறுபாதி வெளியேயும் விழும். வெளிப்பாதி பக்கத்துக் கட்டத்தின்மேல் ஏறும். படத்தின் ஓரத்துக் கட்டமாக இருந்தால் அந்தப் பாதி வெட்டுப்பட்டுக் கோடு மெலிந்து தெரியும். செவ்வகத்தை நான்கு பக்கமும் சற்றே உள்ளடக்கி வரைவது இரண்டு குறைகளையும் ஒருசேரத் தீர்க்கிறது. மூலையை 0.04 அளவு உள்ளே தள்ளி, அகலத்தையும் உயரத்தையும் 0.92 ஆக்கினால் கோடு பெரும்பாலும் தன் கட்டத்துக்குள்ளேயே நிற்கும்.

நான்காவது, கோட்டின் நிறம். கருங்கோடு அடர்ந்த கட்டத்தில் கரைந்துபோகும். வெண்கோடு வெளிறிய கட்டத்தில் மறையும். முதலில் தடித்த வெண்கோடு, அதன்மேல் மெல்லிய கருங்கோடு என இரட்டையாக வரைந்தால் எந்த நிறத்தின்மேலும் தெளிவாகத் தெரியும். சிவப்புக்கும் பச்சைக்கும் வேறுபாடு காணமுடியாத நிறக்குறை ஐரோப்பிய வம்சாவளி ஆண்களில் சுமார் 8 விழுக்காட்டினருக்கு இருக்கிறது. அவர்களாலும் இந்தக் கறுப்பு வெள்ளைக் கோட்டைத் தடையின்றிக் காணமுடியும்.

கட்டங்களைத் தேர்ந்தெடுப்பது விதியா, கையா

கட்டங்களின் எண்களை ஒவ்வொன்றாகப் பார்த்துக் கையால் நிரலில் எழுதுவது ஒரு வழி. தரவில் ஓர் எண் திருத்தப்பட்டாலும் அந்தப் பட்டியல் பொய்யாகிவிடும். விதியை எழுதி, கட்டங்களைக் கணினியையே தேடச் செய்வது நம்பகமான வழி. நூறு வரிசைகள் கூடுதலாகச் சேர்ந்தாலும் விதி மாறாது. பின்னால் நிரலைப் படிப்பவருக்கும் இந்தக் கட்டங்கள் ஏன் தேர்வாயின என்பது வெளிப்படையாகத் தெரியும்.

விதியை எழுதுவதிலும் கவனம் வேண்டும். ஒவ்வோர் ஆண்டின் உச்ச மாதத்தைக் கண்டுபிடிக்க ஆர்க்மேக்ஸ் என்ற செயற்கூறு பலருக்கும் கைவந்தது. பெரிய எண் எந்த இடத்தில் இருக்கிறது என்று அது சொல்லும். பயணிகள் தரவில் அதைப் பயன்படுத்தினால் 12 பெட்டிகள் கிடைக்கும்: ஜூலையில் 7, ஆகஸ்டில் 5. ஜூலைதான் உச்ச மாதம் என்று படம் பார்ப்பவர் முடிவுக்கு வருவார்.

எண்களை நேரில் பார்த்தால் கதை வேறு. 1949-இல் ஜூலையும் ஆகஸ்டும் இரண்டுமே 148. 1950-இல் இரண்டும் 170. 1951-இல் இரண்டும் 199. உச்சம் இரண்டு இடங்களில் சமமாக இருந்தால் ஆர்க்மேக்ஸ் முதலில் வருவதை மட்டும் சொல்லிவிட்டு நின்றுவிடும். ஆகஸ்டைவிட ஜூலை முன்னால் வருவதால் மூன்று ஆண்டுகளும் ஜூலையின் கணக்கில் சேர்ந்துவிட்டன. ஒவ்வொரு கட்டத்தையும் அந்த ஆண்டின் உச்ச எண்ணோடு ஒப்பிட்டு, சமமாக உள்ள எல்லாவற்றுக்கும் பெட்டி போடு என்று விதியை மாற்றினால் 15 பெட்டிகள் வரும்: ஜூலையில் 7, ஆகஸ்டில் 8. ஒரே தரவு, ஒரே ஹீட்மேப். விதியின் ஒரு சொல் மாறியதும் முடிவு மாறிவிட்டது. கட்டம் கட்டுவது அலங்கார வேலை அல்ல, அது ஒரு வாதம் என்பதற்கு இதைவிட வேறு சான்று தேவையில்லை.

ஒப்பிடும் முறையில் கிடைப்பது, உண்மை அல்லது பொய் என்ற இரண்டே மதிப்புகள் கொண்ட இன்னோர் அட்டவணை. முதல் அட்டவணையின் அதே அளவில் இருக்கும் இதை முகமூடி என்று அழைக்கிறார்கள். ஆர்க்வேர் என்ற செயற்கூறு உண்மை என்றுள்ள இடங்களின் வரிசை, நெடுவரிசை எண்களை ஜோடிகளாகத் தரும். ஒவ்வொரு ஜோடிக்கும் ஒரு பெட்டி வரைந்தால் வேலை முடிந்தது.

பல கட்டங்கள் ஒன்றாகச் சேரும்போது

பயணிகள் எண்ணிக்கை 5 லட்சத்தைத் தாண்டிய மாதங்களைக் காட்டவேண்டும் என்று வைத்துக்கொள்ளலாம். அப்படிப்பட்டவை ஏழு: 1958-இல் ஆகஸ்ட், 1959-இல் ஜூலை, ஆகஸ்ட், 1960-இல் ஜூன் முதல் செப்டம்பர் வரை நான்கு மாதங்கள். ஏழும் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு படத்தின் வலப்பக்கத்தில் வலதுநோக்கி விரியும் ஒரே பகுதியாக நிற்கின்றன. ஒவ்வொன்றுக்கும் தனிப்பெட்டி போட்டால் 28 கோடுகள் குறுக்கும் நெடுக்குமாக விழும். உள்ளே இருக்கும் நிறங்கள் நெரிசலில் சிக்கும்.

இங்கே பொருத்தமானது பகுதியின் வெளிவிளிம்பை மட்டும் வரைவது. தேர்வான ஒவ்வொரு கட்டத்தின் நான்கு பக்கங்களையும் நிரல் சோதிக்கும். அந்தப் பக்கத்து அண்டைக் கட்டமும் தேர்வானதாக இருந்தால் கோடு வேண்டாம். இல்லையென்றாலோ படத்தின் ஓரமாக இருந்தாலோ அங்கே கோடு போடவேண்டும். ஏழு கட்டங்களிடையே பொதுவான பக்கங்கள் ஏழு. ஒவ்வொன்றும் இரண்டு கட்டங்களுக்கு உரியது என்பதால் 28-இல் 14 கழிந்து, 14 கோட்டுத் துண்டுகளே மிஞ்சும். நாடுகளின் எல்லையை வரைபடத்தில் காட்டுவதுபோல ஒரே சுற்றுக்கோட்டில் முழுப் பகுதியும் தெளிவாகிவிடும். கோடை நெரிசல் ஆண்டுக்கு ஆண்டு ஒரு மாதத்திலிருந்து நான்கு மாதங்களாக விரிந்த கதையை அந்தச் சுற்றுக்கோடே சொல்லிவிடுகிறது.

கோடு தவிர்த்த வழிகள்

கட்டங்கள் ஆயிரக்கணக்கில் இருந்து ஒவ்வொன்றும் சில புள்ளி அகலமே இருந்தால் பெட்டி பயன்படாது. அப்போது தேர்வான பகுதியின்மேல் சாய்கோடுகளைப் பரப்பலாம். ஐக்கிய நாடுகளின் காலநிலை மாற்றக் குழுவான ஐபிசிசியின் ஆறாவது மதிப்பீட்டு அறிக்கையில் வரும் உலக வரைபடங்கள் இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு. வெப்பமோ மழையோ எவ்வளவு மாறும் என்பதை நிறம் சொல்கிறது. கணினி மாதிரிகள் தமக்குள் போதிய அளவு ஒத்துப்போகாத இடங்களைச் சாய்கோடுகள் சொல்கின்றன. இரண்டு செய்திகளும் ஒன்றையொன்று மறைக்காமல் ஒரே படத்தில் நிற்கின்றன.

மற்றொரு வழி, முக்கியமானதைத் தூக்கிக் காட்டுவதற்குப் பதிலாக மற்றவற்றை அடக்குவது. முழு அட்டவணையையும் முதலில் வெளிறிய சாம்பல் சாயைகளில் வரைந்து, அதன்மேல் தேர்வான கட்டங்களை மட்டும் முழு நிறத்தில் வரையலாம். சீபார்னில் மாஸ்க் என்ற உள்ளீட்டுக்கு முகமூடி அட்டவணையைக் கொடுத்தால், உண்மை என்றுள்ள கட்டங்கள் வரையப்படாமல் விடப்படும். தேர்வானவற்றை உண்மை என்று குறித்திருந்தால் அதைத் தலைகீழாக்கிக் கொடுக்கவேண்டும். இல்லாவிட்டால் காட்டவேண்டியவையே காணாமல் போகும். இரண்டு அடுக்குகளுக்கும் சிறும, பெரும மதிப்புகளை ஒன்றாகவே வைக்கவேண்டும். இல்லையென்றால் மேலடுக்கு தன்னிடமுள்ள சில எண்களை மட்டும் வைத்து அளவுகோலை நீட்டிக்கொள்ளும்.

எண்ணை எழுதுவதும் நல்ல வழி. எல்லாக் கட்டங்களிலும் எண் இருந்தால் ஹீட்மேப் மறுபடியும் அட்டவணையாகிவிடும். தேர்வான கட்டங்களில் மட்டும் எண்ணும் மற்றவற்றில் வெற்றுச்சொல்லும் கொண்ட ஓர் எழுத்து அட்டவணையைத் தயாரித்துக் கொடுத்தால், பார்ப்பவருக்கு இடமும் தெரியும், அளவும் தெரியும்.

ஆர் மொழியில் ஜிஜிபிளாட் 2 நூலகத்தைப் பயன்படுத்துவோருக்கு வேலை இன்னும் எளிது. முதல் அடுக்கில் எல்லாக் கட்டங்களையும், இரண்டாம் அடுக்கில் வடிகட்டிய கட்டங்களை நிரப்பு நிறமின்றி விளிம்போடும் வரைந்தால் போதும். ஆண்டு, மாதம் என்ற பெயர்களைக் கொண்டே இடம் தீர்மானிக்கப்படுவதால் அரைக்கட்டக் குழப்பத்துக்கு அங்கே இடமில்லை.

வரிசை மாறினால் பெட்டியும் மாறவேண்டும்

மரபணு ஆய்வுகளில் ஒத்த வரிசைகள் அருகருகே வரும்படி கணினியே அட்டவணையை மாற்றி அடுக்குவது வழக்கம். சீபார்னில் கிளஸ்டர்மேப் இந்த வேலையைச் செய்கிறது. அடுக்குவதற்கு முன் கண்டுபிடித்த வரிசை எண்கள் அடுக்கிய பின் செல்லாது. 6-ஆம் வரிசையில் இருந்தது 40-ஆம் வரிசைக்குப் போயிருக்கலாம். பெட்டியோ பழைய இடத்திலேயே நிற்கும். கிளஸ்டர்மேப் தரும் புதிய வரிசைப் பட்டியலை எடுத்து, அதன்படி முகமூடியையும் மாற்றி அடுக்கிய பிறகே பெட்டிகளை வரையவேண்டும். கட்டங்களை எண்ணால் குறிக்காமல் பெயரால் குறித்து வைப்பது நிரந்தரத் தீர்வு.

எதைக் காட்டுகிறோம் என்ற பொறுப்பு

வண்ணத் தேர்வே சில நேரம் தேவையற்ற இடத்தில் கட்டம் கட்டிவிடும். மேட்பிளாட்லிப்பில் நெடுங்காலம் இயல்புநிலையாக இருந்த ஜெட் என்ற வானவில் வரிசையில் மஞ்சளும் இளநீலமும் பளிச்சிடும். அந்த நிறங்கள் விழும் கட்டங்கள் எந்தச் சிறப்பும் இல்லாமலே கண்ணை இழுத்தன. ஒளிர்வு சீராக ஏறும் விரிடிஸ் என்ற வரிசை 2017-இல் வந்த 2.0 பதிப்பில் அதன் இடத்தைப் பிடித்தது. நாம் இடும் அடையாளம் எடுபடவேண்டுமானால் அடியில் உள்ள நிறங்கள் இப்படி அமைதியாக இருக்கவேண்டும்.

புள்ளியியல் ஆய்வுகளில் பொறுப்பு இன்னும் கூடுகிறது. 20 மாறிகளின் ஒட்டுறவுகளை ஹீட்மேப்பாக வரைந்தால் வெவ்வேறு ஜோடிகள் 190 வரும். 5 விழுக்காடு என்ற வழக்கமான எல்லையைக் கொண்டு குறிப்பிடத்தக்க கட்டங்களைத் தேர்ந்தெடுத்தால், மாறிகளுக்கிடையே உண்மையில் எந்தத் தொடர்பும் இல்லாவிட்டாலும் சராசரியாக 9 அல்லது 10 ஜோடிகள் தற்செயலாகவே பெட்டி பெற்றுவிடும். யோவ் பெஞ்சமினி, யோசெப் ஹோக்பெர்க் ஆகியோர் 1995-இல் தந்த திருத்தமுறை போன்ற ஒன்றைப் பயன்படுத்திய பிறகே அடையாளம் இடுவது முறை.

எண்ணிக்கையும் முக்கியம். பாதிக் கட்டங்களுக்குப் பெட்டி போட்டால் எதற்கும் போடாததற்குச் சமம். ஒரு படத்தில் ஒரு கேள்வி, அந்தக் கேள்விக்கு ஒருவகை அடையாளம் என்ற கட்டுப்பாடு நன்மை தரும். உச்ச மாதத்துக்குப் பெட்டி, 5 லட்சம் தாண்டியதற்குச் சாய்கோடு, குறைந்த மாதத்துக்குப் புள்ளி என்று ஒரே படத்தில் அடுக்கினால் மூன்றும் ஒன்றையொன்று கெடுக்கும். மூன்று படங்களாகப் பிரித்துத் தருவதே தெளிவு.

கடைசியாக, தேர்ந்தெடுத்த விதியைப் படத்தின் அடியிலேயே எழுதவேண்டும். ‘பெட்டியிட்டவை அந்தந்த ஆண்டின் மிக உயர்ந்த எண்ணிக்கை, சமமாக இருந்தால் இரண்டும் காட்டப்பட்டுள்ளன’ என்ற ஒரு வரி போதும். அந்த வரி இருந்தால் வாசகர் படத்தைச் சரிபார்க்கலாம், ஏற்கலாம், மறுக்கலாம். அது இல்லாவிட்டால், கோடு எவ்வளவு நேர்த்தியாக விழுந்திருந்தாலும், வரைந்தவரின் சொல்லை அப்படியே நம்புவதைத் தவிர வாசகருக்கு வேறு வழியில்லை.